“சில்க்கு” யாருடைய பெயர்?

கோல சிலாங்கூருக்கும் களும்பாங்குக்கும் இடைப்பட்ட தோட்டங்களில் ஒன்றில், சென்ற ஆண்டுத் திருவிழாவின் கடைசி இரவன்று, கலை நிகழ்ச்சி என்னும் பெயரால் நான்கு பெண்கள் மேடையேற்றப்பட்டார்கள். பட்டணத்திலிருந்து வேனில் வந்தவர்கள். பழைய சினிமாப் பாட்டுகளுக்கு ஆடினார்கள். நாற்பது வருஷத்துக்கு முந்திய பாட்டொன்று தொடங்கியதும், முன் வரிசை நாற்காலிகளிலிருந்து புறப்பட்ட விசில் சத்தம் கோயில் மணியையும் அமுக்கிவிட்டது. அந்நாற்காலிகள் திருவிழாக் கமிட்டியாருக்கென்று ஒதுக்கப்பட்டவை என்பதை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன்.

ஆட்டம் முடிந்தது. வேன் புறப்பட்டது. அதன் பின் கமிட்டிப் பெரியவர் ஒருவர் ஒலிபெருக்கியைப் பிடித்துக் கால் மணி நேரம் பிரசங்கம் செய்தார். நம் பிள்ளைகள் கெட்டதற்கும், குடும்பப் பெண்கள் நாணத்தை விட்டதற்கும், லயத்து வாழ்க்கை சீரழிந்ததற்கும் காரணம் “சில்க்கு சுமிதா” போன்றவர்கள் தமிழ்நாட்டிலிருந்து கப்பலேற்றி அனுப்பிய ஆபாசமே என்றார். கேட்டவர்கள் கை தட்டினார்கள். விசிலடித்த கைகளும் தட்டின.

கமிட்டிக் கணக்கெழுதும் வேலை, தோட்டத்துக் கிராணி என்ற முறையில், என் தலையில் விழுந்திருக்கிறது. அப்பெண்களுக்குக் கொடுத்த தொகை கணக்குப் புத்தகத்தில் “பக்தி கலை நிகழ்ச்சி” என்று பதியப்பட்டிருக்கிறது. பதிந்தவன் நானே. ஆகவே அன்றிரவு நடந்த மோசடியில் எனக்கும் ஒரு பங்குண்டு. அந்தப் பங்கை ஒப்புக்கொண்ட பிறகே மற்றவர்களைக் கேட்கும் யோக்கியதை எனக்கு வருமாதலால் இதை முதலிலேயே சொல்லிவிட்டேன்.

நிற்க, யார் இந்தச் “சில்க்கு”? பெரியவர் யாரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றினாரோ அந்த அம்மையாரின் பெயர் விஜயலட்சுமி. ஆந்திர நாட்டில் ஏலூருக்கு அருகே கொவ்வலி என்னும் கிராமத்தில் 1960-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் தேதி ஏழைக் குடும்பமொன்றில் பிறந்தவர். நாலாம் வகுப்போடு படிப்பு நின்றது. நிறுத்தியது வறுமை. விவரம் தெரியாத வயதிலேயே கலியாணம் செய்து வைத்தார்கள். புகுந்த வீடு நரகமாயிருக்கவே அங்கிருந்து தப்பிச் சென்னைக்கு வந்தார். சினிமாக் கொட்டகைக்குள் அவர் முதலில் நுழைந்தது நடிகையாக அல்ல. இன்னொரு நடிகையின் முகத்து வியர்வையை ஒற்றி, பூச்சைச் சரிசெய்யும் வேலைக்காரியாகத்தான். பின்னர் வினு சக்கரவர்த்தியின் கண்ணில் பட்டு, 1980-இல் வெளிவந்த “வண்டிச்சக்கரம்” படத்தில் சாராயக் கடைக்காரி வேஷம் பெற்றார். அந்தக் கதாபாத்திரத்தின் பெயர் சில்க். படம் ஓடியது, பெயர் ஒட்டிக்கொண்டது.

அதாவது, தாய் தந்தையர் இட்ட பெயர் ஒன்று. சினிமாக்காரர் வைத்த பெயர் ஸ்மிதா. கதாசிரியன் கற்பித்த சாராயக் கடைக்காரியின் பெயர் சில்க். மூன்றில் எதையும் அவர் தாமாகத் தேர்ந்துகொள்ளவில்லை. ஒரு நடிகர் ராவண வேஷம் போட்டால் அவரை வாழ்நாள் முழுவதும் ராவணன் என்றா அழைக்கிறோம்? வீட்டுக்குப் போய் அவர் தம் பிள்ளையைக் கொஞ்சினால், சீதையைத் தூக்கியவன் பிள்ளையைக் கொஞ்சுகிறானே என்றா பதறுகிறோம்? ஆண் போடுகிற வேஷம் மேடையோடு கழன்றுவிடுகிறது. பெண் போட்ட வேஷமோ அவளுடைய தோலாகிவிடுகிறது!

அதே “வண்டிச்சக்கரம்” படத்தில் கதாநாயகியாக நடித்தவர் சரிதா. பிற்காலத்தில் பத்திரிகைப் பேட்டியொன்றில் விஜயலட்சுமி அம்மையார், சாவித்திரி, சுஜாதா, சரிதா இவர்களைப் போன்ற குணசித்திர நடிகையாக வேண்டுமென்பதே தம் ஆசை என்று கூறியிருக்கிறார். யாரைப்போல ஆகவேண்டுமென்று ஏங்கினாரோ அவருக்கு எதிரிலேயே சாராயக் கடை மேடையில் நிறுத்தப்பட்டார். 1981-இல் பாரதிராஜா எடுத்த “அலைகள் ஓய்வதில்லை” படத்தில் முரடன் ஒருவனின் மனைவியாக, ஆட்டம் பாட்டமின்றி, புடவை கட்டிக்கொண்டு நடித்தார். பார்த்தவர்கள் மெச்சினார்கள். மெச்சியதோடு சரி. விநியோகஸ்தர்களுக்கு வேண்டியது அவருடைய நடிப்பு அல்லவே! விலைபோகாமல் பெட்டிக்குள் ஆண்டுக்கணக்காய்க் கிடந்த படங்கள்கூட அவருடைய ஆட்டம் ஒன்றைச் சேர்த்ததும் விற்றுப்போயின என்று சினிமா வரலாறு எழுதினவர்கள் சொல்லுகிறார்கள். அரிசி மூட்டையோடு மண்ணெண்ணெய் வாங்கினால்தான் சரக்கு என்று கடைக்காரன் நிபந்தனை போடுவதுபோல், ஒரு பாட்டு அளவுக்கு ஒரு மனுஷியை நிறுத்து விற்றார்கள்.

பதினேழு வருஷத்தில் நானூற்றைம்பது படங்களுக்கு மேல் என்று கணக்குச் சொல்லப்படுகிறது. நான் செக்ரோல் எழுதுகிறவன். எனக்குக் கணக்கு மட்டும் விளங்கும். மாதத்துக்கு இரண்டு படத்துக்கு மேல் வருகிறது. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம், ஹிந்தி என்று ஐந்து மொழிகள். நம் தோட்டத்தில் குலைக்கு இவ்வளவு, மூட்டைக்கு இவ்வளவு என்று துண்டு வேலை போடுகிறார்களே, அது போன்றதே இதுவும். துண்டு வேலைக்காரனுக்கு உடம்பு நின்றால் கூலி நிற்கும். அவருக்கு வயது நின்றாகவேண்டியிருந்தது.

இனி விஷயத்தின் வேருக்கு வருவோம். 1982-ஆம் ஆண்டில் இரண்டு படங்கள் வெளிவந்தன. இரண்டிலும் அவர் ஆடினார். இரண்டிலும் கதாநாயகர் கமலஹாசன்.

முதலாவது “மூன்றாம் பிறை”. பாலு மகேந்திரா எடுத்தது. உயர்ந்த படமென்று இன்றளவும் புகழப்படுவது. நாமும் மறுக்கவில்லை. கமலஹாசனுக்குச் சிறந்த நடிகருக்கான தேசிய விருதும், பாலு மகேந்திராவுக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதும் கிடைத்தன. அதில் ஸ்மிதா அம்மையாருக்குக் கொடுத்த வேஷம், வயது முதிர்ந்த தலைமையாசிரியர் ஒருவரின் இளம் மனைவி. கதாநாயகன்மீது ஆசைப்படுகிறாள். அவன் விலகிப்போகிறான். அவ்வளவே. அவனுடைய உத்தம குணத்துக்கு உரைகல்லாக அவள் வைக்கப்படுகிறாள். அவளைப் பார்த்துக் கொட்டகையில் சிரிப்பு, ஏளனம், பெருமூச்சு எல்லாம் எழுகின்றன. ஆனால் ஓர் இளம்பெண்ணைத் தள்ளாத வயதுக்காரருக்குக் கட்டிவைத்தது யார் என்ற கேள்வி மட்டும் எழவில்லை! பொருந்தா மணத்தை எதிர்த்து நம் சீர்திருத்தக்காரர்கள் தொண்டை வறளப் பேசிய தமிழ் மண்ணில்தான் அந்தப் படம் ஓடியது. கட்டிவைத்தவன் திரையில் இல்லை, கட்டிக்கொண்டவர் கோமாளி, கட்டப்பட்டவள் குற்றவாளி.

இரண்டாவது “சகலகலா வல்லவன்”. ஏ.வி.எம். நிறுவனத்தார் எடுத்து, எஸ்.பி. முத்துராமன் இயக்கியது. கொட்டகை கொட்டகையாகப் பணம் கொட்டிய படம். மலாயாத் தமிழர் வீடுகளில் வீடியோ நாடா தேயத் தேயப் போட்ட படங்களில் அதுவும் ஒன்று. என் சிறு வயதில், லயத்தில் வீடியோ பெட்டி வைத்திருந்த வீட்டில், வாசற்படி வரைக்கும் உட்கார்ந்து பார்த்திருக்கிறோம். அந்த அம்மையாரின் ஆட்டம் வரும்போது பெண்கள் எழுந்து தேநீர் கலக்கப் போவார்கள். ஆண்கள் நாடாவைப் பின்னுக்குச் சுற்றச் சொல்வார்கள். நம் பண்பாடு அந்த வீட்டில் அப்படித்தான் காப்பாற்றப்பட்டு வந்தது.

அந்தப் படத்தின் கதை என்ன? கதாநாயகனின் தங்கையைப் பணக்கார வீட்டுப் பிள்ளை பலாத்காரம் செய்து கெடுக்கிறான். அண்ணன் என்ன செய்கிறான்? கெடுத்தவனுக்கே தங்கையைக் கட்டிவைப்பதற்காக ஆயிரம் தந்திரம் செய்து, அந்தப் பணக்காரனின் மகளைத் தானே மணந்து அடக்கி, முடிவில் வெற்றி பெறுகிறான். இது குடும்பப் படம்! பாட்டியும் பேத்தியும் சேர்ந்து பார்த்தார்கள். கற்பழித்தவனே கணவனாவதுதான் நியாயம் என்று இரண்டரை மணி நேரம் உபதேசிக்கும் கதையில் ஒருவருக்கும் ஆபாசம் தென்படவில்லை. ஐந்து நிமிஷம் ஆடிவிட்டுப் போன பெண்ணிடத்தில் மட்டும் தென்பட்டுவிட்டது.

அந்த ஐந்து நிமிஷத்தையும் பிரித்துப் பார்ப்போம். பாட்டெழுதியவர் வாலி. இசையமைத்தவர் இளையராஜா. பாடியவர்கள் எஸ்.பி. பாலசுப்பிரமணியமும் எஸ். ஜானகியும். உடன் ஆடியவர் கமலஹாசன். இவர்களுடைய திறமையில் நமக்குச் சந்தேகமில்லை. வாலிக்கும் கமலஹாசனுக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. கமலஹாசனுக்குப் பின்னர் பத்மபூஷணும் சேர்ந்தது. இளையராஜாவுக்கும் பாலசுப்பிரமணியத்துக்கும் பத்மவிபூஷண் வரையில் கிடைத்தது. ஜானகி அம்மையாருக்கு 2013-இல் பத்மபூஷண் அறிவிக்கப்பட்டபோது, காலங்கடந்து வந்தது என்று வேண்டாமென்று மறுக்கும் அளவுக்கு அவருக்குக் கௌரவம் இருந்தது. இந்த மரியாதைகளில் ஒன்றையும் குறைக்க வேண்டுமென்று நாம் சொல்லவில்லை. நாம் கேட்பது ஒன்றுதான். அந்த முனகலும் சிணுங்கலும் ஜானகி அம்மையாரின் தொண்டையிலிருந்து வந்தன. உதட்டை அசைத்தவர் இன்னொருவர். தொண்டைக்குக் கலை என்று பெயர், உதட்டுக்கு வேசை என்று பெயர் என்றால், இந்தச் சாஸ்திரத்தை எழுதியவர் எவர்? பலர் கூடிச் சமைத்த பண்டத்தில் இனிப்பையெல்லாம் பங்கிட்டுக்கொண்டு, எச்சில் இலையை மட்டும் ஒருத்தியின் தலையில் போட்டார்கள்.

“அவள் தானாகத்தானே வந்தாள்? பணம் வாங்கினாள் அல்லவா?” என்று சிலர் கேட்பார்கள். நாலாம் வகுப்புப் படிப்பும், ஓடிவந்த ஊரும், திரும்ப முடியாத வீடும் உள்ள பெண்ணுக்கு முன்னால் எத்தனை வாசல் திறந்திருந்தது என்று அவர்கள் எண்ணிச் சொல்லட்டும். நம் பாட்டன்மார்களும் “தாங்களாகத்தான்” நாகப்பட்டினத்தில் கப்பலேறினார்கள். கைநாட்டு வைத்துத்தான் வந்தார்கள். அதனால் தோட்ட முதலாளியின் கொடுமைக்கு அவர்களே ஜவாப்தாரி என்று எவனாவது சொன்னால் நாம் பொறுப்போமா?

இந்தப் பழக்கம் சினிமாவோடு பிறந்ததல்ல. கோயிலில் பொட்டுக்கட்டி, பிரபுக்களுக்கு விருந்தாக்கி, பிறகு “தேவடியாள்” என்ற சொல்லையே வசவாக்கிய சமூகம் நம்முடையது. டாக்டர் முத்துலட்சுமி அம்மையாரைப் போன்றவர்கள் இருபது வருஷம் போராடி, 1947-இல் சென்னை மாகாணத்தில் பொட்டுக்கட்டுவதைத் தடுக்கும் சட்டம் வந்தது. சட்டம் கோயில் வாசலை அடைத்தது. பார்க்கிற கண்ணை அடைக்கவில்லை. கொட்டகைக்குள் விளக்கணைந்ததும் அதே கண் மறுபடி திறந்துகொண்டது. 1931-இல் முதல் தமிழ்ப் பேசும் படத்தில் நடித்து, 1936-இல் “மிஸ் கமலா”வைத் தாமே எழுதி இயக்கிய டி.பி. ராஜலட்சுமி அம்மையாரை ஞாபகம் வைத்திருப்பவர்கள் நம் தோட்டங்களில் எத்தனை பேர்? பெண் இயக்கியது மறந்துபோயிற்று. ஆடியதோ மறக்கமாட்டேன் என்கிறது.

இந்த வியாபாரம் நமக்கு மட்டும் சொந்தமுமல்ல. 1941 டிசம்பர் முதல் 1945 வரையில் நம் தலைமேல் உட்கார்ந்து, தோட்டத்து ஆட்களைச் சயாம் ரயில் பாதைக்கு ஓட்டிச்சென்ற ஜப்பானியர் நாட்டிலும் இது உண்டு. டெலிவிஷன் வந்து கொட்டகைகள் காலியானதும், நிக்கத்சு என்னும் பழைய ஸ்டூடியோ 1971-இல் துணிந்து காமப் பட வியாபாரத்தில் இறங்கியது. பதினேழு வருஷம் அதில் பிழைத்தது. அந்த ஸ்டூடியோவில் வேலை பார்த்துவந்த மேக்கோ காஜி என்ற நடிகை அவ்வகைப் படத்தில் நடிக்க மனமில்லாமல் வெளியேறி, தோயே என்ற வேறொரு நிறுவனத்தில் சேர்ந்தார். அங்கேயும் அவருக்குக் கிடைத்தது மலிவான சரக்குதான். சிறைச்சாலைப் பெண்களை வதைத்துக் காட்டும் படம். ஆனால் 1972-இல் தொடங்கிய அந்தப் படவரிசையில் அவர் பேசுவது சில வார்த்தைகளே, வெறித்துப் பார்ப்பதோ படம் முழுவதும். காதலித்து ஏமாற்றிக் காட்டிக்கொடுத்த போலீஸ்காரனைத் தேடிப் பழிதீர்ப்பவள் அந்தக் கைதியேதான். அதன் தலைப்புப் பாட்டைப் பாடியவரும் அவரே. நான்கு படத்தோடு போதுமென்று 1973-இல் விலகிக்கொண்டார். முப்பது வருஷம் கழித்து அமெரிக்கப் படமொன்று அந்தப் பாட்டைக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டது. ஜப்பானியப் படங்களைப் புகழ நான் வரவில்லை. அங்கும் பெண்ணின் உடம்பே முதல். எனினும், கேவலமான அந்தச் சரக்கிலும் வதைபட்டவள் கையில் ஒரு கத்தியாவது கொடுத்தார்கள். கதை அவளுடையதாயிருந்தது. நம்மவர்களோ, ஆடியவளைக் கடைசி ரீலுக்கு முன்னால் சாகடிப்பார்கள், அல்லது துரத்துவார்கள், அல்லது பாட்டு முடிந்ததும் மறந்தேபோவார்கள். பிறகு கதாநாயகி குளித்து முழுகிக் கோலம் போடுவாள். ஒரே டிக்கெட்டில் சதையும் விற்கப்படும், உபதேசமும் விற்கப்படும். திருவிழாவில் எங்கள் பெரியவர் செய்தது இந்தச் சினிமாவின் சுருக்கப் பதிப்பே.

1996 செப்டம்பர் 23-ஆம் தேதி விஜயலட்சுமி அம்மையார் சென்னையில் தம் வீட்டில் இறந்து கிடந்தார். தற்கொலை என்று போலீசார் முடிவு செய்தார்கள். வயது முப்பத்தைந்து. சொந்தப் படம் எடுக்கப் புறப்பட்டு நஷ்டப்பட்டதாகப் பத்திரிகைகள் எழுதின. கடனோ, காதலோ, தனிமையோ, செத்தவர் மனத்தைத் தோண்டிப் பார்க்கும் அதிகாரம் நமக்கில்லை. ஆனால் அவருடைய சாவுக்குப் பிறகும் வியாபாரம் நிற்கவில்லை என்பது ஊரறிந்த விஷயம். 2011-இல் அவர் வாழ்க்கையை ஒட்டியதென்று சொல்லப்பட்ட “தி டர்ட்டி பிக்சர்” என்ற ஹிந்திப் படம் வெளிவந்தது. “அழுக்குப் படம்” என்பது பொருள். வெளியிட நாள் பார்த்தார்கள் பாருங்கள்: டிசம்பர் 2, அவருடைய பிறந்தநாள்! குடும்பத்தாரின் சம்மதம் பெறவில்லை என்று உடன்பிறந்தவர் ஆட்சேபித்தார். படம் ஓடியது. அவராக நடித்த வித்யா பாலனுக்குத் தேசிய விருதும் கிடைத்தது. நன்றாக நடித்தார், கிடைத்தது நியாயம்தான். வாழ்ந்தவருக்குக் கிடைக்காத விருது, அவரைப்போல வேஷம் போட்டவருக்குக் கிடைத்தது. 2023-இல் “மார்க் ஆண்டனி” படத்தில் அவர் சாயலுள்ள ஒரு பெண்ணைத் தேடிப்பிடித்து மீண்டும் திரையில் காட்டினார்கள். கொட்டகையில் மறுபடி விசில்.

இவ்வளவையும் படித்துவிட்டு, “நமக்கும் தோட்டத்துக்கும் இதில் என்ன?” என்று கேட்கும் வாசகருக்கு ஒன்று சொல்கிறேன். சொல்ல எனக்கு வெட்கமாயிருக்கிறது.

பத்து வருஷத்துக்கு முன்னர், நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், எங்கள் டிவிஷனில் செம்பனை உதிரிப் பழம் பொறுக்கும் ஓர் அம்மாள் இருந்தார். கணவனை இழந்தவர். இரண்டு பிள்ளைகள். விதவையானவர் வெள்ளைச் சேலையில் முடங்கவில்லை. வேலைக்குப் போகும்போதும் தலையில் பூ இருக்கும். நிமிர்ந்து பேசுவார். மூட்டைக் கணக்குக் குறைந்தால் விடமாட்டார். இத்தனை குற்றங்களுக்கும் சேர்த்து ஆண்கள் அவருக்கு வைத்த பெயர் “சில்க்கு”. பெரட்டில் ஆள் கூப்பிடும்போது மண்டோர் ஒரு நாள் அந்தப் பெயரையே சத்தமாகக் கூப்பிட்டான். களமே சிரித்தது. பெயர்ப் பட்டியலைக் கையில் வைத்திருந்தவன் நான். அதில் அவருடைய சரியான பெயர் என் கையெழுத்திலேயே இருந்தது. நானும் சிரித்தேன். பக்கத்தில் அவர் மகள், பள்ளிக்கூட உடுப்போடு, வண்டிக்குக் காத்து நின்றுகொண்டிருந்தாள்.

அந்த அம்மாள் பதில் சொல்லவில்லை. கூடையை எடுத்துக்கொண்டு போனார். அதன் பின் மூட்டைக் கணக்குக் கேட்க ஆபீஸ் படியேறவேயில்லை. கணக்குக் குறைந்த மாதங்களும் உண்டென்று இன்று புத்தகத்தைப் புரட்டினால் எனக்குத் தெரிகிறது. வாயை அடைக்க வேண்டுமென்று நினைத்தவர்களுக்கு ஒரு நடிகையின் பெயர் போதுமானதாயிருந்தது. வருஷம் திரும்புவதற்குள் பிள்ளைகளோடு ரவாங் பக்கம் போய்விட்டார். அவர் மூட்டைக்கு நிற்கவேண்டிய கூலி யார் பையில் நின்றது என்பது வேறு கட்டுரை.

இங்கிலீஷ் பள்ளிக்கூடத்தில் எனக்கு ஒரு நாவல் வாசிக்கக் கொடுத்தார்கள். தாமஸ் ஹார்டி என்பவர் 1891-இல் எழுதியது. பிரபு வீட்டு வாலிபனால் கெடுக்கப்பட்ட பால்காரப் பெண்ணின் கதை. அதற்கு அவர் “தூய பெண்” என்று துணைத்தலைப்பிட்டார். அந்த இரண்டு வார்த்தைக்காகவே அவ்வூர்ப் பெரியவர்கள் கூச்சலிட்டார்கள். பரீட்சையில் நான் ஹார்டி கட்சியில் நின்று பக்கம் பக்கமாக எழுதி நல்ல மார்க்கு வாங்கினேன். பெரட்டுக்களத்தில் நின்றபோது அந்த மார்க்கு எங்கே போயிற்றோ தெரியவில்லை.

இவ்வருஷத் திருவிழாவுக்கு நிகழ்ச்சி நிரல் போடும் கூட்டம் சென்ற ஞாயிற்றுக்கிழமை நடந்தது. கமிட்டிக்கு நான் இரண்டு விண்ணப்பங்களை எழுத்தில் கொடுத்தேன். ஒன்று, ஆடவருகிற பெண்களுக்குக் கொடுக்கும் பணத்தை அவரவர் பெயரிலேயே, ஆட்டத்துக்கான கூலி என்று உள்ளபடி பதிய வேண்டும். பக்தி என்று பதிய நான் கையெழுத்திடமாட்டேன். இரண்டு, ஆட்டம் பார்ப்பதானால் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போக வேண்டும். பார்க்க மனமில்லையானால் கூப்பிடக் கூடாது. பார்த்த பிறகு பிரசங்கம் வேண்டாம். பெரியவர் காகிதத்தை இரண்டு முறை படித்தார். மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். “கிராணிக்கு எழுத்து ஜாஸ்தி” என்று மட்டும் சொன்னார். ஒலிபெருக்கிக்கு முன்பணம் கொடுக்கும் விஷயம் அடுத்து எடுத்துக்கொள்ளப்பட்டது.